இரண்டு லிட்டர் கடன்

எனக்குக் கழித்தல் தெரியாது என்று யாராவது சொன்னால் இன்றைக்கும் சுருக்கென்று கோபம் வரும். ஆறாவது வரை படித்தவள் நான். கணக்கு வராமல் படிப்பை விடவில்லை. அம்மா படுத்த படுக்கையாகிவிட்டதால் விட்டேன். பச்சை மிளகு பத்துக் கிலோ காய்ந்தால் எத்தனை தேறும் என்று விரல் மடக்காமல் சொல்லுவேன். அப்படிப்பட்ட என்னை, நாலாம் வகுப்புக் கணக்குப் புத்தகத்தில் இருந்த ஒரு மோர்ப்பானை படுத்திய பாடு கொஞ்சமில்லை.

கொல்லிமலையில் எங்கள் பக்கத்துப் பெண்களுக்குக் கார்த்திகை நெருங்கினாலே மூட்டை கட்டுகிற கவலைதான். காப்பிப் பழம் பறிக்க ஆள் ஏற்றிப் போக வேன் வரும். கர்நாடகத் தோட்டத்துக்குப் போனால் மாசி வரைக்கும் அங்கேதான். என் வீட்டுக்காரர் போர்வெல் லாரியில் வேலைக்குப் போகிறவர். வருஷத்தில் பத்து மாதம் எந்த ஊரில் இருக்கிறார் என்பது போனில் கேட்டால்தான் தெரியும். நானும் வேன் ஏறிவிட்டால் மகள் நாத்தனார் வீட்டில் இருப்பாள். நாத்தனார் நல்லவள், அவளைக் குறை சொல்ல மாட்டேன்.

போன மாசியில் நான் திரும்பி வந்தபோது மகள் வாசலுக்கு ஓடி வரவில்லை. உள்ளே உட்கார்ந்து தலை பின்னிக்கொண்டிருந்தாள். நான் கிளம்பிப் போனபோது அவளுக்குப் பின்னத் தெரியாது. வா கண்ணு, அம்மா பின்னிவிடுகிறேன் என்று சீப்பை வாங்கப் போனேன். வேண்டாம், எனக்கே வரும் என்றாள். கோபத்தில் சொல்லவில்லை. இருந்ததைச் சொன்னாள், அவ்வளவுதான். அதுதான் எனக்குத் தாங்கவில்லை. எட்டு வயதுப் பிள்ளைக்கு அம்மா இல்லாமல் பழகிப்போக மூன்று மாதம் போதும் என்று அன்றைக்குத் தெரிந்துகொண்டேன். இனி அந்த வேனில் ஏறுவதில்லை என்று மனதுக்குள் முடிவு கட்டினேன். ஏறாமல் எப்படிப் பிழைப்பது என்பதற்கு மட்டும் வழி தெரியவில்லை.

வழி ஐப்பசியில் வந்தது. எங்கள் மலையில் சில ஊர்கள் சேர்ந்தது ஒரு நாடு. அரியூர் நாட்டில் பெண்கள் குழு ஒன்று தேன் நிரப்பும் கூடம் ஆரம்பித்திருந்தது. மலையில் எடுக்கிற தேனை வாங்கி, வடிகட்டி, சின்னப் புட்டிகளில் அடைத்துக் கீழே அனுப்புகிற இடம். வருகிற தேனை அளந்து வாங்க ஒரு ஆள் வேண்டும், வருஷம் முழுக்க வேலை, ஒரு தேர்வு உண்டு, நாலாம் வகுப்பு அளவுக்குக் கணக்கு தெரிந்தால் போதும் என்று பஞ்சாயத்து ஆபீஸ் சுவரில் நோட்டீஸ் ஒட்டியிருந்தார்கள். நாலாம் வகுப்பு என்று படித்ததும் எனக்குச் சிரிப்பே வந்துவிட்டது. தேர்வு கார்த்திகை முதல் வாரம், புதன்கிழமை. அதே வாரம் வெள்ளிக்கிழமை வேன் வரும் என்று ஆள் சேர்க்கிற மேஸ்திரி ஏற்கெனவே சொல்லி வைத்திருந்தார்.

தேனும் எனக்குப் புதிதில்லை. தேவனூர் நாட்டில் இருக்கிற என் தாய்மாமன் தேன் எடுக்கிறவர். அம்மா போன பிறகு என்னை வைத்துச் சோறு போட்டதும், கல்யாணம் கட்டிக் கொடுத்ததும் அவர்தான். அவர் வீட்டில் பாட்டில் கழுவுவது என் வேலை. பிராந்திக் கடைப் பெரிய பாட்டில்களை வாங்கி வந்து குவிப்பார். சாம்பல் போட்டுத் தேய்த்து, வெந்நீர் ஊற்றிக் குலுக்கி, வெயிலில் கவிழ்த்து வைப்பேன். அந்தப் பாட்டிலுக்கு எங்கள் பக்கம் லிட்டர் என்றுதான் பெயர். ஒரு லிட்டர் தேன் என்றால் அது நிறைய. அதில் பாதி பிடிக்கிற சின்ன பாட்டில் அரை லிட்டர். பெரியதன் அடியில் 750 என்று கண்ணாடியிலேயே எழுத்து இருக்கும். சின்னதில் 375 இருக்கும். இரண்டு சின்னதைக் கூட்டினால் பெரியது வருகிறதா என்று நான் சிறுமியாக இருந்தபோதே கூட்டிப் பார்த்துச் சரி என்று வைத்துக்கொண்டவள்.

மகளின் கணக்குப் புத்தகத்தில் கொள்ளளவு என்று ஒரு பாடம் இருந்தது. அவளுக்கு அது இன்னும் நடத்தவில்லை. பாடத்தின் முதல் பக்கத்தில் லிட்டர் என்றால் என்ன, மில்லிலிட்டர் என்றால் என்ன என்று கட்டம் கட்டி, படம் போட்டு விளக்கியிருந்தார்கள். தேன்காரர் வீட்டில் வளர்ந்தவளுக்கு லிட்டர் சொல்லித் தருகிறார்களாக்கும் என்று அந்தப் பக்கத்தைப் புரட்டித் தள்ளிவிட்டு நேராகப் பயிற்சிக்குப் போனேன். எல்லாம் வாக்கியக் கணக்கு. ஒருவரிடம் இவ்வளவு பால் இருந்தது, இவ்வளவு விற்றார், மீதி எவ்வளவு. ஒரு தொட்டியில் இவ்வளவு தண்ணீர், இவ்வளவு செடிக்கு ஊற்றினார்கள், மீதி எவ்வளவு. கேட்கவே சுகமாக இருந்தது. ஒரே மத்தியானத்தில் பத்துக் கணக்கு போட்டு முடித்தேன்.

சரியா தப்பா என்று பார்க்க, பள்ளிக்கூடத்து டீச்சரிடம் போனேன். என்னைவிட எட்டு வயது இளையவர். கீழே நாமக்கல் பக்கத்துக் கிறிஸ்தவக் குடும்பத்துப் பெண். திங்கட்கிழமை முதல் பஸ்ஸில் ஏறி வந்து, ஐந்து நாளும் இங்கே ஒரு அறையில் தங்கி, வெள்ளிக்கிழமை சாயங்காலம் இறங்கிப் போவார். என்னை அக்கா என்று கூப்பிடுவார். பள்ளி விட்ட பிறகு அரை மணி நேரம் உட்கார்ந்து பார்த்துத் தருகிறேன் என்று அவராகவே சொன்னார்.

பத்தில் ஆறு சரி, நாலு தப்பு. ஐந்து லிட்டர் எண்ணூறு மில்லியில் இரண்டு லிட்டர் முந்நூறு போனால் மூன்று லிட்டர் ஐந்நூறு, அது சரி. ஐந்து லிட்டர் இருநூறு மில்லி எண்ணெயில் இரண்டு லிட்டர் அறுநூற்று ஐம்பது செலவானால் மீதி இரண்டு லிட்டர் முந்நூறு என்று எழுதியிருந்தேன். இரண்டு லிட்டர் ஐந்நூற்று ஐம்பது வர வேண்டும் என்றார் டீச்சர். நாலு தப்பையும் வரிசையாகப் பார்த்துவிட்டு, மில்லி பத்தாமல் லிட்டரில் கடன் வாங்குகிற இடத்தில்தான் எல்லாத் தப்பும் வருகிறது, உங்களுக்குக் கடன் வாங்கிக் கழிப்பதுதான் வரவில்லை என்று சிரித்த முகத்தோடு சொன்னார்.

வரவில்லையாம். மறுநாள் ஒரு டப்பா நிறையப் புளியங்கொட்டை கொண்டு வந்து மேஜையில் கொட்டினார். பத்துப் பத்தாகப் பிரித்து, ஒரு பத்தை உடைத்து ஒன்றுகளாக்கி, ஐம்பத்திரண்டில் இருபத்தேழு கழித்துக் காட்டுங்கள் அக்கா என்றார். இரண்டாம் வகுப்புப் பிள்ளைகள் பையை மாட்டிக்கொண்டு ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தார்கள். முப்பத்து மூன்று வயதில் குட்டிப் பெஞ்சில் முழங்கால் இடிக்க உட்கார்ந்து புளியங்கொட்டை எண்ணினேன். இருபத்தைந்து. அடுத்தது கேட்டார், அதுவும் சரி. நூறு, இருநூறு என்று கேட்டார், எல்லாம் சரி. திரும்ப லிட்டருக்கு வந்தால் தப்பு.

இப்படியே நாலு நாள் போயிற்று. எனக்கு மானம் போகிற மாதிரி இருந்தது, டீச்சருக்குத் தலை சுற்றியது. புத்தகத்தில் விடையைத் தப்பாக அச்சடித்திருப்பார்கள் என்று நான் சொன்னேன். அவர் பாவம், அதையும் ஒருமுறை போட்டுப் பார்த்துவிட்டு, இல்லை அக்கா, புத்தகம் சரிதான் என்றார். வெள்ளிக்கிழமை பஸ்ஸுக்குக் கிளம்பும்போது, இந்தத் தடவை இல்லாவிட்டால் என்ன, அடுத்த தடவை ஆள் எடுக்கும்போது எழுதலாமே என்றார். நல்ல எண்ணத்தில்தான் சொன்னார். எனக்குக் கோபம் உச்சிக்கு ஏறியது. அடுத்த தடவைக்குள் என் பிள்ளை சமையலே கற்றுக்கொண்டுவிடும் என்று வாய் வரைக்கும் வந்ததை விழுங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தேன்.

சனி, ஞாயிறு இரண்டு நாளும் மரவள்ளிக் காட்டில் களை எடுக்கப் போகும்போது நோட்டையும் கொண்டு போனேன். ஒரு பாத்தி எடுப்பேன், வந்து வரப்பில் உட்கார்ந்து ஒரு கணக்கு போடுவேன். பயிற்சியில் இருந்த நாற்பது கணக்கையும் ஒன்று விடாமல் போட்டேன். எத்தனை தப்பு வந்தாலும் வரட்டும், எந்த இடத்தில் தப்பு என்று கண்டுபிடிக்காமல் விடுவதில்லை என்று ஒரு வெறியே வந்துவிட்டது. பக்கத்துக் காட்டுக்காரி, என்ன கலெக்டர் பரீட்சையா என்று கேட்டுவிட்டுப் போனாள். அவளுக்குப் பதில் சொல்ல எனக்கு நேரமில்லை.

முப்பத்தேழாவது கணக்குதான் அந்த மோர்ப்பானை. பானையில் மூன்று லிட்டர் நூறு மில்லி மோர் இருந்தது. விருந்தாளிகளுக்கு ஒரு லிட்டர் தொள்ளாயிரம் மில்லி கொடுத்தார்கள். மீதி எவ்வளவு. நான் எழுநூறு மில்லி என்று எழுதியிருந்தேன். திங்கட்கிழமை டீச்சர் ஒவ்வொரு பக்கமாகத் திருப்பிக்கொண்டு வந்தவர் அந்த இடத்தில் நின்றுவிட்டார். மூன்றை அடித்துவிட்டு மேலே நான் எழுதியிருந்த எண்ணை விரலால் தொட்டுக் காட்டினார்.

"அக்கா, மூணை அடிச்சா ரெண்டுதானே வரணும்? ஒண்ணு எழுதியிருக்கீங்க. எதுக்கு ரெண்டு லிட்டர் கடன் வாங்குனீங்க?"

"ஒண்ணு பத்தலீங்க டீச்சர்" என்றேன்.

"எப்படிப் பத்தாமப் போகும்? ஒரு லிட்டருக்கு எத்தனை மில்லி?"

இதென்ன கேள்வி என்று இருந்தது எனக்கு. "எழுநூத்தம்பதுங்க. நூறோட சேத்தா எண்ணூத்தம்பதுதான் ஆவுது. அதுல தொள்ளாயிரம் எப்படிப் போவுமுங்க? அதான் இன்னொண்ணு வாங்கினேன்."

டீச்சர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். சிரித்திருந்தால் சண்டைக்குப் போயிருப்பேன், அவர் சிரிக்கவில்லை. ஆயிரம் அக்கா, ஆயிரம் மில்லி என்று மெதுவாகச் சொன்னார். நான் ஒத்துக்கொள்ளவில்லை. இருங்கள் என்று சொல்லிவிட்டு ஓட்டமும் நடையுமாக வீட்டுக்குப் போய், அடுப்படியில் இருந்த தேன் பாட்டிலை எடுத்து, மிச்சத் தேனைக் கிண்ணத்தில் வடித்துவிட்டு, அலசிக் கொண்டுவந்து மேஜையில் வைத்தேன். அடியைத் திருப்பிக் காட்டி, கண்ணாடியில் எழுதியிருப்பதைப் படித்துப் பாருங்கள் என்றேன். எனக்கு அப்போது அவ்வளவு தைரியம்.

"எழுநூத்தம்பது மில்லின்னுதான் போட்டிருக்கு அக்கா. லிட்டர்னு எங்கயும் போடலையே" என்றார்.

பிறகு பீரோவைத் திறந்து, கோடு போட்ட பிளாஸ்டிக் ஜாடி ஒன்றை எடுத்தார். பாட்டில் நிறையத் தண்ணீர் பிடித்து என் கையிலேயே கொடுத்து ஊற்றச் சொன்னார். ஊற்றினேன். கடைசிச் சொட்டு வரைக்கும் உதறினேன். ஒரு லிட்டர் என்று எழுதியிருந்த கோட்டுக்கும் தண்ணீருக்கும் நடுவில் நாலு விரல் அகலம் காலியாக இருந்தது. பாட்டிலில் இன்னும் இருக்கிறதா என்று வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தேன். ஒன்றுமில்லை.

கடையில் எண்ணெய்ப் பாக்கெட் வாங்கியிருக்கிறேன், தண்ணீர்ப் பாட்டில் வாங்கியிருக்கிறேன். எல்லாவற்றிலும் ஒரு லிட்டர் என்று போட்டிருக்கும். ஒருநாளும் அதை இதில் ஊற்றிப் பார்த்ததில்லை. எதற்குப் பார்க்க வேண்டும், லிட்டர் எனக்குத் தெரியாததா என்ன. வெட்கமாக இருந்தது. அதைவிடக் கோபமாக இருந்தது. மலை முழுக்கச் சொல்லிச் சொல்லி என் தலையில் ஏற்றிய லிட்டரில் கால் பங்கைக் காணோம். ஊர் மேல் கோபப்பட்டு என்ன செய்ய, புரட்டித் தள்ளிய அந்தப் பக்கத்தில் கட்டம் கட்டி, சிவப்பு எழுத்தில் ஆயிரம் என்று போட்டிருந்ததை அன்றைக்குத்தான் படித்தேன்.

அன்று சாயங்காலமே தப்பு வந்த கணக்குகளை எல்லாம் திரும்பப் போட்டேன். ஒவ்வொன்றிலும் நான் எழுதியதற்கும் சரியான விடைக்கும் இருநூற்று ஐம்பது வித்தியாசம். மோர்ப்பானையில் மட்டும் ஐந்நூறு, இரண்டு லிட்டர் கடன் வாங்கியதால். டீச்சர் அந்தப் புளியங்கொட்டை டப்பாவை எடுத்து உள்ளே வைத்துவிட்டார். என்னிடம் மன்னிப்புக் கேட்கிற மாதிரி ஏதோ சொன்னார். கழித்தல் வரும் என்று அன்றைக்கே சொன்னேனே என்றேன். அதற்குத்தான் இரண்டு பேரும் சிரித்தோம்.

ஊரில் சொன்னால் ஒருவரும் காதில் வாங்கவில்லை. எல்லோரும் லிட்டர் என்று சொல்வதை நீ ஒருத்தி வந்து மாற்றப் போகிறாயா என்று நாத்தனார் கேட்டாள். மாமாவிடம் நேரில் சொல்ல நினைத்தேன். அவர் தேனுக்குக் காடேறியிருந்தார். வந்ததும் சொல்லிக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டேன். அதை மட்டும் அன்றைக்கே செய்யாமல் போனோமே என்று பின்னால் எத்தனையோ தடவை நொந்துகொண்டிருக்கிறேன்.

தேர்வுக்கு ஐந்து பெண்கள் வந்திருந்தோம். பைல் நாட்டிலிருந்து வந்தவள் பன்னிரண்டாவது முடித்தவள், மணிமணியான கையெழுத்து. கூடத்தின் பொறுப்பாளர் கீழேயிருந்து வந்து தங்கியிருக்கிற ஒரு அம்மா. பத்துக் கணக்கு கொடுத்தார். பாதிக்கு மேல் கடன் வாங்குகிற கணக்கு. ஒவ்வொரு தடவையும் ஆயிரம், ஆயிரம் என்று உதட்டுக்குள் சொல்லிக்கொண்டே போட்டேன். பத்தும் சரியாகத்தான் இருக்கும் என்று எனக்கே தெரிந்தது. மனது லேசாக இருந்தது.

தாளை வாங்கி வைத்துக்கொண்ட பிறகு, கடைசியாக ஒன்று, நேரிலேயே கேட்கிறேன் என்றார் அந்த அம்மா. அந்த நேரம் பார்த்துத் தேன் கொண்டுவந்து வாசலில் ஒருவர் நின்றார். மஞ்சள் பையோடு என் மாமா. என்னைப் பார்த்ததும் அவருக்கு முகமெல்லாம் மலர்ந்துவிட்டது. நம்ம பிள்ளைதானுங்க அது, என் கையில் வளர்ந்தது என்று கேட்காமலே சொன்னார். எவ்வளவு கொண்டுவந்திருக்கிறீர்கள் என்று அந்த அம்மா கேட்டார். நாலு லிட்டருங்க என்று மாமா நாலு பாட்டிலையும் எடுத்து மேஜையில் வரிசையாக வைத்தார்.

கூடத்தில் தேன் வாங்க ஆரம்பித்துப் பத்து நாள்தான் ஆகியிருந்தது. அதுவரைக்கும் கொண்டுவருகிறவர் சொன்ன அளவை நம்பித்தான் வாங்கியிருந்தார்கள். அந்த அம்மா பலகையில் எழுதினார். இவர் கொண்டுவந்த நாலு லிட்டரில் ஒரு லிட்டர் இருநூற்று ஐம்பது மில்லியைச் சோதனைக்கு அனுப்புகிறோம். மீதி எவ்வளவு. துண்டுத் தாளில் எழுதிக் கொடுங்கள் என்றார்.

மற்ற நாலு பேரும் மளமளவென்று எழுதி நீட்டினார்கள். என்ன எழுதியிருப்பார்கள் என்று எனக்குத் தெரியும். இரண்டு லிட்டர் எழுநூற்று ஐம்பது. என் பேனா நகரவில்லை. அதையே நானும் எழுதியிருந்தால் எனக்கு முழு மார்க், மாமாவுக்கு நாலு லிட்டர், ஒருவருக்கும் ஒரு வம்பும் இல்லை. வேன் வருவதற்கு இரண்டு நாள்தான் இருந்தது. மாமாவை நிமிர்ந்து பார்க்கவே முடியவில்லை. ஆனால் மேஜை மேல் நாலு பாட்டில் நிற்கிறது, நாலு லிட்டர் நிற்கவில்லை. தெரிந்துகொண்டே எழுத எனக்குக் கை வரவில்லை. நாளைக்கு அளக்கிற நாற்காலியில் உட்காரத்தானே இவ்வளவு பாடு என்று எரிச்சலாகவும் வந்தது. ஒரு லிட்டர் எழுநூற்று ஐம்பது என்று எழுதிக் கொடுத்தேன்.

அந்த அம்மா வாங்கிப் பார்த்தார். முகம் வாடிவிட்டது. பத்தும் சரியாகப் போட்டுவிட்டு, இந்தச் சின்னக் கணக்கில் போய்க் கோட்டை விட்டுவிட்டாயே அம்மா, நாலில் ஒன்றேகால் போனால் எப்படி ஒன்றேமுக்கால் வரும் என்று கேட்டார். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். மாமாவும்.

"அங்க நாலு இல்லீங்க. மூணுதான் இருக்குது. அளந்து பாருங்க" என்றேன்.

அந்த அம்மா உள்ளேயிருந்து லிட்டர் அளக்கும் எவர்சில்வர் கேனை எடுத்து வந்தார். மாமா யாரையும் தொட விடாமல் தானே பாட்டிலைத் திறந்து கவிழ்த்தார். தேன் தண்ணீர் மாதிரி இறங்கிவிடாது. ஒவ்வொரு பாட்டிலும் வடிந்து முடிக்க நேரம் ஆயிற்று. அத்தனை நேரமும் நான் நின்றபடியே இருந்தேன். முதல் பாட்டில் காலியானபோது கேனில் கோடு வரவில்லை. மாமா குனிந்து பார்த்துவிட்டு அடுத்ததைக் கவிழ்த்தார். நாலாவது பாட்டிலில் கடைசிச் சொட்டு விழுந்தபோது சரியாக மூன்று கேன் ஆகியிருந்தது. அந்த அம்மா திரும்பி, பத்து நாளாகச் சுவரோரம் சேர்ந்திருந்த காலிப் பாட்டில்களைப் பார்த்தார்.

மாமா மஞ்சள் பையை மடித்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டார். என் பக்கத்தில் வந்தபோது திட்டுவார் என்று நினைத்தேன்.

"நாலு பேரு முன்னால என்னைப் பொய்யனாக்கிப்போட்டியே கண்ணு" என்றார். அவ்வளவுதான். டீ வருகிறது, உட்காருங்கள் என்று அந்த அம்மா சொன்னது அவர் காதில் விழவில்லை. படியிறங்கிப் போய்விட்டார். நான் பின்னாலேயே ஓடி, இது உங்களுடைய தப்பு இல்லை மாமா, எனக்கும் பத்து நாள் முன்னால்தான் தெரிந்தது என்று சொல்லியிருக்கலாம். வாசலிலேயே நின்றுவிட்டேன். முடிவைச் சொல்லி அனுப்புகிறோம் என்றார்கள். ஊருக்கு வருகிற வழியெல்லாம் அழுதேன்.

வியாழக்கிழமை முழுக்க ஒரு தகவலும் இல்லை. வீட்டுக்காரர் போனில், இருக்கிற வேலையையும் விட்டுவிட்டு நிற்காதே, வேனில் ஏறு, கூடத்திலிருந்து கூப்பிட்டால் அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்றார். அவர் சொல்வதில் நியாயம் இருந்தது. ஆனால் ஒரு தடவை ஏறிவிட்டால் மாசிதான். என் மகளின் துணிமணிகளை எடுத்துப் போக வந்த நாத்தனார், நான் மூட்டை கட்டாமல் இருப்பதைப் பார்த்துவிட்டு வெறுங்கையோடு திரும்பிப் போனாள்.

வெள்ளிக்கிழமை காலையில் வேன் வந்து ஆலமரத்தடியில் நின்றது. மேஸ்திரி ஆட்களை எண்ணிக்கொண்டிருந்தார். என்னையும் பார்த்துப் பதினாலு என்றார்.

"என்னைக் கழிச்சுட்டு எண்ணுங்க" என்றேன்.

யோசித்துத்தான் சொல்கிறாயா, வேன் போன பிறகு வந்து நின்றால் இடம் இருக்காது என்றார். தெரியும் என்றேன். பதின்மூன்று பேரோடு வேன் கிளம்பியது. வளைவு திரும்பி மறையும்வரை பார்த்துக்கொண்டு நின்றேன். பெருமையாகவெல்லாம் இல்லை, பயமாகத்தான் இருந்தது. வீட்டுக்கு வந்தால் மகள் பள்ளிச் சீருடை போட்டுக்கொண்டு, தானே தலை பின்னிக்கொண்டிருந்தாள். நீ போகவில்லையா என்று கேட்டாள். இல்லை என்றேன். சரி என்று சொல்லிவிட்டு மறுபக்கத்துச் சடையைப் பின்ன ஆரம்பித்தாள். ரிப்பனைப் பிடித்துக்கொள்ளச் சொல்லி என்னிடம் நீட்டினாள்.

அடுத்த செவ்வாய்க்கிழமை ஆள் வந்தது. வேலை எனக்குத்தான்.

முதல் மாதம் முழுக்க என் மேஜையில் சண்டை. எங்கள் லிட்டரைத் திருடுகிறாய் என்றார்கள், கேனின் அடியில் ஏதாவது வைத்திருக்கிறாயா என்று தட்டிப் பார்த்தார்கள். கோபம் வந்தாலும் காட்டிக்கொள்ளவில்லை. டீச்சரிடம் கேட்டு அந்தக் கோடு போட்ட ஜாடி மாதிரி ஒன்றை வாங்கி மேஜை மேல் வைத்தேன். உங்கள் பாட்டிலில் நீங்களே தண்ணீர் பிடியுங்கள், நீங்களே ஊற்றுங்கள் என்பேன். ஊற்றிவிட்டு, பாட்டிலை வெளிச்சத்தில் தூக்கிப் பார்ப்பார்கள். அதைப் பார்க்கும்போது மட்டும் எனக்குச் சங்கடமாக இருக்கும். மெல்ல மெல்ல, பாட்டில் இத்தனை என்று சொல்லிக் கொண்டுவர ஆரம்பித்தார்கள். லிட்டர் சொல்வதை என்னிடம் விட்டுவிட்டார்கள்.

மாமா வரவில்லை. பொங்கலுக்கு நான் போனபோது அத்தைதான் பேசினாள். அவர் மாட்டைப் பிடித்துக்கொண்டு கொல்லைப் பக்கம் போய்விட்டார். தேனை வேறு யார் மூலமாகவோ கொடுத்து அனுப்பிக்கொண்டிருந்தார். அவர் முகம் பார்த்துப் பேசாத அந்த மூன்று மாதத்தில், காப்பித் தோட்டத்துக்கே போயிருக்கலாமோ என்று ஒன்றிரண்டு தடவை நினைத்தது உண்டு.

மாசியில் ஒரு நாள் காலை, கூடத்தைத் திறந்து கூட்டிக்கொண்டிருந்தேன். மாமா வந்து மேஜைக்கு எதிரில் நின்றார். அதே மஞ்சள் பை. உள்ளேயிருந்து ஒரே ஒரு பாட்டிலை எடுத்து வைத்தார். பிராந்திக் கடைப் பாட்டில் இல்லை. கடையில் தண்ணீர் விற்கிற பிளாஸ்டிக் பாட்டில். ஒரு லிட்டர் என்று போட்டிருந்த காகிதம்கூடக் கிழியாமல் இருந்தது. மூடி வரைக்கும் தேன்.

எதற்கு மாமா இது என்று கேட்டேன்.

"அன்னைக்கு நாலு லிட்டர்னு சொன்னனில்ல. ஒண்ணு பத்தலை" என்றார். "இந்தா கண்ணு. அளந்துக்க."

வேண்டாம் மாமா என்று சொல்ல வாயெடுத்தேன். அவர் கேனையே பார்த்துக்கொண்டு நின்றார். அதனால் அதை இழுத்து வைத்து, பாட்டிலைக் கவிழ்த்துப் பிடித்தேன். இறங்கி முடிக்க நேரம் ஆயிற்று. கேனில் கோடு வரைக்கும் வந்தது.